எவ்வளவு வெளிச்சம்

கிசுமு மேல்முறையீட்டு மன்றம்.
நூற்றுப் பதினெட்டுப் பக்கம் தட்டச்சுப் பிரதி.
நாற்பத்தொன்றாம் பக்கத்தில் பெர்பெட்டுவா அகுமு,
ஏரிக்கரைக் கருவாட்டு வியாபாரி,
கூண்டில் நின்று கை நீட்டுகிறாள்:
"இங்கிருந்து அந்தக் கடிகாரம் வரை.
அவ்வளவுதான் தூரம்."

கீழே நடுவரின் குறிப்பு:
சாட்சி கடிகாரத்தைக் காட்டுகிறார்.
எத்தனை அடி என்று அவர் அளக்கவில்லை.
இரு தரப்பு வக்கீலும் கேட்கவில்லை.
அந்தக் கட்டடத்தை இப்போது இடித்துவிட்டார்கள்.
கடிகாரம் எங்கே என்று பதிவாளருக்கு எழுதினேன்.
மை வற்றிய முத்திரையோடு பதில் வந்தது:
தெரியவில்லை.

ஆக, தூரம் போயிற்று.
வெளிச்சம்?

அன்றிரவு காவல் நிலையத்தில் அவள் சொன்னது:
மூன்று பேர். ஒருவன் நெட்டை. ஒரே இருட்டு.
நாலு நாள் கழித்து, ஆஸ்பத்திரிக் கட்டிலில்:
தகர விளக்கு எரிந்தது. நெட்டையன் சில்வானுஸ் ஓயோ.
விசாரணையில்:
விளக்கும் இருந்தது, நிலாவும் இருந்தது.
சொல்லச் சொல்ல
அந்த அறைக்குள் யாரோ
திரியைத் தூண்டிவிட்டபடி இருக்கிறார்கள்.
நிலா அன்று விடியற்காலை மூன்றேகாலுக்குத்தான் எழுந்தது.
அரிவாள் இறங்கியபோது மணி பதினொன்றுகூட ஆகவில்லை.

அவள் பொய் சொல்கிறாள் என்று நான் நினைக்கவில்லை.
பொய்யர்களிடம் ஒரு வசதி உண்டு,
ஒரே மாதிரி சொல்வார்கள்.
இவளுக்கோ முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரை
பதினேழு தையல்.
அந்தத் தழும்புக்கு ஒரு முகம் வேண்டியிருந்தது.

"வெட்டுப்பட்டவள் வெட்டியவனை மறப்பாளா?"
என்றார் நீதிபதி முதுரி.
லெமாயான் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே சொன்னார்:
"மறப்பதற்கு முதலில் பார்த்திருக்க வேண்டும்."
மூன்றாவது ஆள் நான்.
கட்டை வீட்டுக்கு எடுத்துப் போனேன்.

தெருவில் மின்சாரம் இல்லை.
ஏரிப் பக்கம் இடி.
லாந்தரோடு வந்து கேட்டைத் திறந்தான் காவலாளி.
"மழை வரும் போலிருக்கே, மகோகா."
"ஆமாம் அம்மா."
உள்ளே போய்ச் சாப்பிட்டேன்,
எழுபதாம் பக்கம் வரை படித்தேன், தூங்கினேன்.

காலையில் மகோகா வந்து மன்னிப்புக் கேட்டான்.
குழந்தைக்குக் காய்ச்சலாம்,
இரண்டு நாளாக புங்கோமாவில் இருந்தானாம்.
"மைத்துனனை அனுப்பினேனே, என் கோட்டைப் போட்டுக்கொண்டு."

மூன்றடி தூரம்.
விளக்கு அவன் கையிலேயே.
நாலு வருஷமாக நான் பார்க்கிற முகம்.
என் கழுத்தில் அரிவாள் இல்லை.

மைத்துனனைக் கூப்பிட்டுக் கேட்டேன்,
ஏனப்பா சொல்லவில்லை என்று.
தலையைச் சொறிந்தான்.
"நீங்கள் அவ்வளவு உறுதியாகக் கூப்பிட்டீர்கள்."

இதைத் தீர்ப்பில் எழுத முடியாது.
கூண்டில் ஏறாத சாட்சி நான்.
என்னைக் குறுக்கு விசாரணை செய்ய யாரும் இல்லை.
எழுதியதெல்லாம் இதுதான்:
தனியொரு சாட்சி. இரவு நேரம்.
வெளிச்சத்தின் அளவு நிறுவப்படவில்லை.
முதல் வாக்குமூலத்தில் பெயர் இல்லை.
முதுரி இரண்டு நாள் யோசித்துக் கையெழுத்திட்டார்.

ஒன்பது வருஷத்துக்குப் பிறகு ஓயோ வெளியே போனான்.
அவன் செய்யவில்லை என்று நாங்கள் சொல்லவில்லை.
செய்திருக்கலாம்.
அந்த "லாம்" என்னும் இரண்டெழுத்தோடு
இன்றும் சில இரவுகள் விழித்திருக்கிறேன்.

தீர்ப்பு வாசித்த அன்று
கடைசி பெஞ்சில் அகுமு இருந்தாள்,
நீளக்கைச் சட்டையை மணிக்கட்டுவரை இழுத்துவிட்டபடி.
அழவில்லை, கத்தவில்லை.
எங்களுக்கு நடுவே எத்தனை என்று எண்ணினேன்:
ஒன்பது பெஞ்சு, ஏறக்குறைய நாற்பதடி.
ஜன்னலெல்லாம் திறந்திருந்தது. பத்து மணி வெயில்.

என்னை அவள்
நன்றாகப் பார்த்துக்கொண்டாள்.